நூறு ஈரல்

நெல்பேட்டையில் என் கடைக்கு வருகிறவர்கள்
அரைக்கிலோ கறி கேட்டுவிட்டு
கத்தியை நான் கையில் எடுத்த பிறகுதான் சொல்வார்கள்:
"பாய், அதுல நூறு ஈரல் போடுங்க."
இருபத்திரண்டு வருசமாகப் போடுகிறேன்.
தராசைப் பார்க்க வேண்டியதில்லை.
ரெண்டு விரல் அகலம் நறுக்கினால் நூறு.

எனக்கும் ஒன்று உள்ளே இருக்கிறது என்பது
ஐப்பசி மழை விட்ட வாரம்தான் தெரிந்தது.

முதலில் காய்ச்சல்.
கண்ணுக்குப் பின்னால் கொக்கி மாட்டித்
தொங்கவிட்டது போல வலி.
முக்கு மெடிக்கலில் வெள்ளை மாத்திரை,
கிளினிக்கில் மஞ்சள்,
மச்சான் சவூதியிலிருந்து கொண்டுவந்தது
சிவப்புப் பட்டை போட்டது, நல்லா கேக்கும் என்றான்.
நாலு மணிக்கொரு தடவை, முறை வைக்காமல் மூன்றும்.

பெரியாஸ்பத்திரியில் அந்தச் சின்ன டாக்டரம்மா
அட்டைகளைச் சீட்டுக்கட்டு மாதிரி விரித்து வைத்தாள்.
"பேர்தான் பாய் வேற. உள்ள ஒரே மருந்து.
இம்புட்டையும் ஒத்தையா நின்னு செரிக்கிறது எது தெரியுமா?"

ஐந்தாம் நாள் காய்ச்சல் இறங்கியிருந்தது.
இறங்கிருச்சு இறங்கிருச்சு என்று
ஜொகரா சந்துக்கே சொல்லிவிட்டு வந்தாள்.
அன்றைக்குத்தான் வாந்தி நிற்கவேயில்லை.
வலது விலாவுக்கடியில்
யாரோ படிக்கல்லை வைத்துவிட்டு மறந்துபோன கனம்.

மூச்சை இழுங்க, என்றாள் டாக்டரம்மா.
இழுத்தேன்.
உள்ளிருந்து ஒன்று இறங்கி வந்து
அவள் விரலில் முட்டியது.
"ரெண்டு விரல்" என்றாள்
குறித்துக்கொண்டிருந்த நர்ஸிடம்.
என் கணக்கில் அது நூறு.

பார்க்க வந்த எல்லாரும் கேட்டது பிளேட்லெட்.
எம்புட்டு? எண்பதாயிரமா? நாற்பதா?
தக்காளி விலை விசாரிப்பது போல.
பப்பாளி இலையை அரைத்து
மூன்று வீட்டிலிருந்து மூன்று பாட்டில் வந்தது.
ஈரலை ஒருவரும் கேட்கவில்லை.
அது ரெண்டாவது தாளில், அச்சு மங்கிய இடத்தில் இருந்தது:
நாற்பதுக்குள் இருக்க வேண்டியது
எழுநூற்று அறுபது.

வராந்தாவில் ஜொகரா போனில் சொன்னாள்,
"ஈரக்கொல நடுங்குது லாத்தா."
சரியான இடத்தைத்தான் சொன்னாள்.

பக்கத்துக் கட்டிலில் ஒச்சப்பன்,
உசிலம்பட்டிப் பக்கம், டிராக்டர் ஓட்டுகிறவன்.
கண் ரெண்டும் மஞ்சள் கரைத்து ஊற்றியது போல.
ஊருக்குப் போனதும் கெடா வெட்டு, வந்துருங்க பாய் என்றான்,
பல்லோரம் ரத்தம் கசிய.
ராத்திரி தள்ளிக்கொண்டு போனார்கள்.
அவன் சார்ஜர் மட்டும் சுவரில் செருகியபடியே
ரெண்டு நாள் இருந்தது.
யாரும் வந்து கேட்கவில்லை.
நானும் யாரிடமும் கேட்கவில்லை.

எழுநூற்று அறுபது, ஐந்நூறு, இருநூற்றுப் பத்து.
"அதுவா சரி பண்ணிக்கும்.
நீங்க தொந்தரவு பண்ணாம இருங்க, போதும்."

கடைக்குப் பின்னால் கத்தி கழுவ வைத்த நீல டிரம்.
மாநகராட்சிப் பெண் டார்ச் அடித்துப் பார்க்கிறாள்.
போன மாதம், வியாபார நேரத்தில் வராதே என்று
இவளைத்தான் விரட்டினேன்.
இன்றைக்கு அவள் பக்கத்தில் நானும் குனிகிறேன்.
குடிக்கலாம் போலத் தெளிந்த தண்ணீர்.
அதற்குள் நெளிகிறது அம்புட்டும்.
இடுப்பில் தெம்பில்லை; அவளே சாய்த்துக் கொட்டினாள்.

கீழவாசல் அம்மா வந்து நிற்கிறார்.
"அரைக்கிலோ. அதுல நூறு ஈரல்."
கருஞ்சிவப்பு. இன்னும் சூடு.
மூச்சை இழு என்றால் இழுக்கும் போல.
ரெண்டு விரல் வைத்தேன்.
கத்தி கொஞ்சம் தள்ளி இறங்கியது.
இருபத்திரண்டு வருசத்தில் முதல் தடவையாய்த்
தராசைப் பார்த்தேன்: நூற்றுப் பதினெட்டு.

"என்ன பாய், கூட நிக்குது?"

"லேசா வீக்கம்மா" என்று
வாய் வரைக்கும் வந்துவிட்டது.